சமாத் திருடிய குரல்

வாருங்கள் மாமா. அந்த நாற்காலி வேண்டாம், அதற்கு ஒரு கால் சண்டைக்காரக் கால். இதில் உட்காருங்கள். அத்தா கடையில் இருக்கிறார், அம்மா டீ போடுகிறாள். நீங்கள் எதற்கு வந்திருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியும். உங்கள் ஃபர்ஹானாவை டாக்டருக்குப் படிக்க நான் படித்த ஊருக்கு அனுப்பலாமா, சாப்பாடு எப்படி, பொம்பளைப் பிள்ளைக்குப் பாதுகாப்பா என்று கேட்க வந்திருக்கிறீர்கள். கேட்பதற்கு முன்னால் தொண்டையை இரண்டு தடவை செருமிவிட்டு, "அது என்னன்னாக்க தம்பி" என்று ஆரம்பிப்பீர்கள். பார்த்தீர்களா, சிரித்துவிட்டீர்கள். கோபித்துக்கொள்ளக் கூடாது, என் தொண்டை அப்படி. ஒரு ஆளோடு கொஞ்ச நேரம் இருந்தால் போதும், அவர் குரல் எனக்குள் வந்து பாய் விரித்துப் படுத்துக்கொள்ளும்.

சாப்பாடு பிரமாதம் மாமா. ஆட்டுக்கறி, ரொட்டி, சூப். கன்சல்டன்சிக்காரர் சொல்வாரே, "சார், இண்டியன் மெஸ் இருக்குது சார், இட்லி இருக்குது சார்" என்று, அந்த இட்லியை மட்டும் நம்ப வேண்டாம். அதைக் கொண்டு மண்டையோட்டை உடைத்து அனாட்டமி படிக்கலாம். குளிர் பல்லைத் தட்டும். கல்லூரி நல்ல கல்லூரி. உங்கள் கேள்விக்குப் பதில் முடிந்தது. இனி என் வழக்கைக் கேளுங்கள்.

எனக்கு அங்கே ஒரு திருட்டு நடந்தது. பர்ஸ் இல்லை, போன் இல்லை. என் குரலைத் திருடிவிட்டான் ஒருத்தன். திருடியவன் இப்போது ஜெயிலில் இருக்கிறான். திருடன் உள்ளே போனால் பறிகொடுத்தவனுக்கு மனசு ஆறும் என்பார்கள். எனக்கு ஆறவில்லை. அவன் உள்ளே இருப்பதைப் பார்த்துத்தான் வயிறு கூடுதலாக எரிகிறது.

முதலிலிருந்து சொல்கிறேன். துர்லான், அதுதான் தலைநகரம். ஒரு காலத்தில் சோவியத்தோடு ஒட்டி இருந்த நாடு. பிரிந்து வந்த நாளிலிருந்து ஒரே ஆள்தான் ஜனாதிபதி. தேர்தல் நடக்காமல் இல்லை. நடக்கும், நடந்து அவரே வருவார். அவரைப் பெயர் சொல்லி யாரும் சொல்ல மாட்டார்கள், அத்தா என்பார்கள். நம் வீட்டில் சொல்கிறோமே, அவர்கள் பாஷையிலும் தகப்பனுக்கு அதே சொல்தான். போன புதிதில் எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அத்தா சாலை, அத்தா பூங்கா, அத்தா விமான நிலையம். நம் அத்தாவுக்குப் போன் போட்டு, உங்க பேர்ல ஏர்போர்ட்டே இருக்கு என்றேன். "ஃபீஸ் கட்டுறேன்ல, அதுக்கு வச்சிருப்பாய்ங்க" என்றார்.

என் அறையில் கூட இருந்தவன் சமாத். உள்ளூர்க்காரன். பெயர் சமாத், ஆளும் சமத்து. முதல் பெஞ்சு. புத்தகத்துக்கு அட்டை போடுவான். துண்டை மடித்துத்தான் காயப்போடுவான். அவன் குரல் இருக்கிறதே, உப்பில்லாமல் வேகவைத்த உருளைக்கிழங்கு. ஏற்றம் கிடையாது, இறக்கம் கிடையாது. "தீப்பிடித்துவிட்டது" என்பதையும் "தேநீர் தயார்" என்பதையும் ஒரே மாதிரி சொல்வான். என் பெயர் சிக்கந்தர் அவன் வாயில் இஸ்கந்தர் ஆகும். "இஸ்கந்தர், எழுந்திரு, வகுப்பு இருக்கிறது." அவ்வளவுதான் அவன் பேச்சு.

ஆனால் எல்லோருக்கும் அவனைப் பிடிக்கும், அதுதான் எனக்குப் பிடிபடாத சங்கதி. நான் ஹாஸ்டல் முழுக்கச் சிரிக்க வைக்கிறவன். வார்டன் கலீனா பெத்ரோவ்னா மாதிரி மூக்கால் கத்துவேன், அனாட்டமி புரொஃபசர் மாதிரி ஒவ்வொரு எலும்புக்கும் பெருமூச்சு விடுவேன். சாப்பாட்டு அறையில் மேசையைத் தட்டித் தட்டிச் சிரிப்பார்கள். ஆனால் ஒருத்தனுக்குக் காய்ச்சல் என்றால் அவன் கதவைத் தட்டுவது சமாத்துக்காக. நானும் அதே அறையில்தான் இருப்பேன். என்னைத் தாண்டி எட்டிப் பார்த்து, "சமாத் இல்லையா?" என்பார்கள். நியாயமா மாமா?

ஒரு பண்டிகை நாள் அவன் வீட்டுக்குக் கூட்டிப்போனான். அவன் அப்பா டிராலிபஸ் ஓட்டுகிறவர். டிராலிபஸ் நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள், பஸ்தான், தலையில் இரண்டு கொம்பு இருக்கும், அது மேலே போகிற கரண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டே ஓடும். வீட்டில் அப்பா, அம்மா, அய்னுரா என்று ஒரு அக்கா. அக்கா பள்ளிக்கூடத்தில் சரித்திர டீச்சர். தன் வகுப்பில் நடத்த முடியாத சரித்திரத்தை எல்லாம் வீட்டில் நடத்துவாள்.

அங்கே விருந்தென்றால் தின்றுவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டு எழுந்துவிட முடியாது. ஒவ்வொருவராகக் கோப்பையைத் தூக்கிப்பிடித்து நாலு நல்ல வார்த்தை பேச வேண்டும். விருந்தாளி கட்டாயம் பேச வேண்டும். என் முறை வந்தது. நான் பழச்சாற்றைத் தூக்கிக்கொண்டு எழுந்தேன். என்ன பேசுவது என்று தெரியவில்லை, அதனால் அத்தாவாகிவிட்டேன்.

அந்தக் குரல் எப்படி என்றால் மாமா, முதலில் ஒரு கனைப்பு. பிறகு ஒரு இடைவெளி, அதில் நீங்கள் ஒரு டீ குடித்துவிட்டு வரலாம். பிறகு அடிவயிற்றிலிருந்து, "என்... பிள்ளைகளே." ஒவ்வொரு சொல்லும் மூட்டை இறக்குகிற மாதிரி இறங்கும். பயமாகவும் இருக்கும், தூக்கமாகவும் வரும்.

நான் அதைச் சொன்னபோது அவன் அப்பா சமையலறையில் ரொட்டி வெட்டிக்கொண்டிருந்தார். என்னால் அவரைக் கதவு வழியாகப் பார்க்க முடிந்தது. கத்தியைக் கீழே வைத்தார். கையைச் சட்டையில் துடைத்தார். விறைத்து நேராக நின்றார். தனியாக, சுவரைப் பார்த்து.

பிறகுதான் அவருக்கு உறைத்தது. அம்மா எழுந்து போய் ஜன்னலைச் சாத்திவிட்டு வந்து, முந்தானை மாதிரி ஒரு துணியை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தாள். அக்கா சிரிக்கவில்லை, அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்பா வந்து உட்கார்ந்து, என் தட்டில் பெரிய கறித்துண்டாக வைத்து, "மகனே, இதை இந்த மேசையில் செய். வாசலுக்கு அந்தப் பக்கம் செய்யாதே" என்றார். சமாத் மேசையில் தலையை வைத்துக்கொண்டு குலுங்கினான். கண்ணில் தண்ணீர். அவன் வாய்விட்டுச் சிரித்து நான் பார்த்தது அன்றுதான். அன்றைக்கு அந்த வீட்டில் எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள், அவனை இல்லை. அவ்வளவு ருசியாக நான் கறி தின்றதே இல்லை.

அதற்குப் பிறகு அவனுக்கும் ஆசை வந்துவிட்டது. எனக்கும் சொல்லிக்கொடு என்றான். சொல்லிக்கொடுத்தேன் மாமா, மறைக்கவில்லை. கனைப்பு வராது. இடைவெளி விட்டால் அவனே மறந்துவிடுவான். "என் பிள்ளைகளே" என்பது அவன் வாயில் கடையில் கூட்டுப் பெருங்காயம் கேட்கிற மாதிரி வரும். நான் திருத்துவேன், அவன் மறுபடி கெடுப்பான். நான் திருத்தித் திருத்தி வயிறு வலிக்கச் சிரிப்பேன். அவனும் சிரிப்பான். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். அந்தக் குரல் அவனுக்கு வரவே வராது. அந்த நாட்டில் அதற்கு நான்தான் சாட்சி.

டீ வந்துவிட்டது, எடுத்துக்கொள்ளுங்கள். சர்க்கரை கம்மி என்றால் சொல்லுங்கள், அம்மா கணக்குப் பார்த்துத்தான் போடுவாள்.

இரண்டாம் வருஷம், பனி உருகிச் சேறாகிக் கிடந்த சமயம். காலையில் டிவியைப் போட்டால் எல்லாச் சேனலிலும் வயலின். செய்தி இல்லை, சமையல் இல்லை, வயலின். வார்டன் அதைக் கேட்டதும் நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்து சிலுவை போட்டுக்கொண்டாள். அங்கே டிவியில் வயலின் வாசித்தால் யாரோ பெரிய ஆள் செத்துவிட்டார் என்று அர்த்தமாம். சாகவில்லை. அத்தா வந்தார், கனைத்தார், களைத்துவிட்டேன் பிள்ளைகளே என்றார். பக்கத்தில் நின்ற ஒருவரைக் கைகாட்டி, இனி இவர் என்றார். அவ்வளவுதான், ஆட்சி மாறிவிட்டது. பஸ்ஸில் பலகை மாற்றுகிற நேரம்கூட ஆகவில்லை.

அந்தப் புதியவர் யார் என்று யாருக்கும் தெரியாது. எல்லாப் படத்திலும் அத்தாவுக்குப் பின்னால் குடை பிடித்துக்கொண்டு நின்றிருப்பாராம். அவர் பேசி யாரும் கேட்டதில்லை. நான் அன்றைக்கு நாள் முழுக்க டிவி முன்னால் உட்கார்ந்தேன், அவர் குரலைப் பிடிக்கலாமென்று. பிடிக்க ஒன்றும் இல்லை மாமா. லிஃப்டில் "கதவு மூடுகிறது" என்று ஒரு குரல் வருமே, அது.

மறுநாளிலிருந்து ஜனங்கள் நகரத்தின் நடுவில், பஸ் எல்லாம் கடந்து போகிற பெரிய மைதானத்துக்குப் போக ஆரம்பித்தார்கள். முதலில் கிழவிகள். பென்ஷன் வாங்குகிற கிழவிகளை அடிக்க மாட்டார்கள் என்று ஒரு நம்பிக்கை. பிறகு டீச்சர்கள், மாணவர்கள். "எங்களைக் கேட்டீர்களா?" அது ஒன்றுதான் கோஷம். எல்லோரும் அதைத்தான் கத்தினார்கள். ஜன்னலில் நின்று நானும் கத்திப் பார்த்தேன், கலீனா பெத்ரோவ்னா குரலில். இந்திய மாணவர்கள் வெளியே வரக் கூடாது என்று உத்தரவு வந்தது, வார்டன் வாசலைப் பூட்டி வாட்ச்மேனை நிறுத்திவிட்டாள்.

சில நாள் கழித்து ஒரு மத்தியானம் சமாத் என் கட்டில் ஓரத்தில் வந்து உட்கார்ந்தான். அக்கா மைதானத்தில் இருக்கிறாள், போன் எடுக்கவில்லை என்றான். நகரத்தில் கரண்டை நிறுத்திவிட்டார்கள், அப்பாவின் டிராலிபஸ் மைதானத்தின் நடுவிலேயே நின்றுவிட்டது, பஸ்ஸை விட்டு வர மாட்டேன் என்கிறார், போலீஸ் சுற்றி வளைத்துவிட்டது என்றான். எல்லாவற்றையும் அதே உருளைக்கிழங்குக் குரலில். நான் போகிறேன், வாட்ச்மேன் விட மாட்டான், ஏதாவது செய் என்றான்.

இது ஒரு வேலையா எனக்கு. வாட்ச்மேனுக்குப் போன் போட்டு கலீனா பெத்ரோவ்னா குரலில், ரெண்டு பையன்க உருளைக்கிழங்கு மூட்டை எடுக்க வர்றானுங்க, விடு, இல்லைன்னா நீயே தூக்கு என்றேன். கதவு திறந்தது. ரெண்டு பையன்களா, நீ வராதே என்றான் சமாத். ஊரே வேடிக்கை பார்க்கிறபோது நான் மட்டும் கட்டிலில் கிடந்து எலும்புப் பெயர் மனப்பாடம் செய்வதா? போனேன்.

மைதானத்தில் டிராலிபஸ் செத்த எருமை மாதிரி நின்றது. பின்பக்கமாகப் போய்ச் சேர்ந்தோம். அவன் அப்பா கதவைத் திறந்தார். எங்களைப் பார்த்து சந்தோஷப்படவில்லை, திட்டவும் இல்லை. ஓடாத வண்டியின் ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அய்னுரா அக்கா. டீச்சர்கள் எல்லாம் கைகோத்துத் தரையில் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுக்கு எதிரே போலீஸ். கேடயத்தைத் தடியால் தட்டித் தட்டி, ஒரு அடி வைப்பார்கள், தட்டுவார்கள், ஒரு அடி வைப்பார்கள். அக்கா வயிற்றுப்பிள்ளைக்காரி மாமா. முன்னாடியே சொல்ல மறந்துவிட்டேன்.

அப்பா ஏதோ முணுமுணுத்துக்கொண்டிருந்தார், துஆ ஓதினார் என்று நினைக்கிறேன். நான் பார்த்தது வேறு. டிரைவர் தலைக்குமேல் ஒரு மைக் தொங்கியது. "அடுத்த நிறுத்தம் சந்தை" என்று சொல்வார்களே, அந்த மைக். வெளியே நிற்கிறவர்களுக்கும் கேட்க பஸ் நெற்றியில் ஒரு குழாய் ஸ்பீக்கர். கரண்டு இல்லாவிட்டாலும் அதற்குத் தனி பேட்டரி. பச்சை விளக்கு எரிந்தது. மாமா, உங்களிடம் சொல்வதற்கென்ன, எனக்கு அப்போது அக்காவும் நினைவில்லை, போலீசும் நினைவில்லை. அவ்வளவு பெரிய கூட்டம், ஒரு மைக். கை தானாகப் போனது.

சீட்டுக்கு அடியில் குந்திக்கொண்டு, கனைத்தேன்.

அந்தக் கனைப்புக்கே தட்டுகிற சத்தம் நின்றது. நான் இடைவெளி விட்டேன். எவ்வளவு நீளம் விட்டேன் என்றால், சமாத் என் தோளைப் பிடித்துவிட்டான். பிறகு, "என்... பிள்ளைகளே. உங்கள் அம்மாக்கள் சூப்பை அடுப்பில் வைத்துவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கேடயத்தைக் கீழே இறக்குங்கள். வீட்டுக்குப் போங்கள்."

முதலில் ஒரு ஆபீசரின் கை தொப்பிக்குப் போனது. சல்யூட். யாருக்கு வைக்கிறார் என்று அவருக்கே தெரியாது, வானத்துக்கு வைத்தார். பிறகு ஒரு சத்தம், கல்யாண வீட்டில் தட்டுகளைக் கழுவி அடுக்குகிற மாதிரி. கேடயங்கள் தரையைத் தொடுகிற சத்தம். திரும்பினார்கள் மாமா. அணிவகுத்துத் திரும்பிப் போனார்கள். அத்தா பதவியை விட்டுப் போய்விட்டார் என்று அவர்கள் எல்லோருக்கும் தெரியும், டிவியில் பார்த்தவர்கள்தான். தெரிந்து என்ன, காலுக்குத் தெரியவில்லையே. பிறந்ததிலிருந்து அந்தக் குரலுக்கு நடந்த கால்கள்.

கூட்டம் கொஞ்ச நேரம் வாயைப் பிளந்து நின்றது. அப்புறம் ஒரு கிழவி சிரிக்க ஆரம்பித்தாள். அந்தச் சிரிப்பு மைதானம் முழுக்கப் பரவியது. அழுதுகொண்டே சிரித்தார்கள். எல்லா முகமும் டிராலிபஸ் பக்கம் திரும்பியது. எனக்காக. எனக்காக மாமா. நான் எழுந்து நின்று, முடியைக் கோதிக்கொண்டு, முன்படிக்கட்டுக்கு வரப்போனேன்.

அப்போதுதான் அவன் செய்தான். மைக்கை என் கையிலிருந்து பிடுங்கினான். என் சட்டைக் காலரைப் பிடித்துத் தரதரவென்று பின்கதவுக்கு இழுத்துக்கொண்டு போனான். அட்டை போட்டுப் படிக்கிற பையன், அவ்வளவு பலம் எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை. "ஓடு. திரும்பிப் பார்க்காதே. நீ இங்கே வரவே இல்லை" என்றான். நான், டேய், கைதட்டுறாங்கடா என்றேன். தமிழிலேயே சொன்னேன். தள்ளிவிட்டான். முட்டி பெயர்ந்து சேற்றில் விழுந்தேன். இதோ பாருங்கள், தழும்பு.

எழுந்து பார்த்தால், அவன் முன்படிக்கட்டில் நிற்கிறான். கையில் என் மைக். யார் பேசியது, யார் பேசியது என்று கூட்டம் கேட்கிறது. அவன் அந்த உப்பில்லாத குரலில், "நான்" என்றான். ஒரே ஒரு சொல். தூக்கிவிட்டார்கள் தோளில். சமாத், சமாத் என்று மைதானமே கத்துகிறது. நான் ஒரு பெட்டிக்கடைக்குப் பின்னால், சேறு பூசிக்கொண்டு, அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன். என் பக்கத்தில் ஒரு ஆள் என் தோளைத் தட்டி, நீயும் கத்து தம்பி, நம்ம பையன் என்றான்.

கத்தவில்லை நான்.

சாயங்காலமே அவனைப் பிடித்துவிட்டார்கள். இந்தத் தடவை வந்தவர்கள் வேறு, காதை அடைக்கிற ஹெல்மெட் போட்டவர்கள். அப்பாவை வேலையிலிருந்து நீக்கினார்கள். இந்திய மாணவர்கள் எங்களை எல்லாம் விமானத்தில் ஏற்றி ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். இங்கே வந்ததும் அம்மா கட்டிக்கொண்டு அழுதாள். அவள் ஒருத்திதான். ஏர்போர்ட்டில் டிவிக்காரர் ஒருவர் மைக்கை நீட்டி, அங்க நெலமை எப்படி தம்பி என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் சேலத்துப் பையன் ஒருத்தன் குறுக்கே வந்து இட்லியைப் பற்றிப் பேசிவிட்டான்.

அப்புறம் கோர்ட். அக்கா அனுப்பிய லிங்கில் போனில் பார்த்தேன். கண்ணாடிக் கூண்டுக்குள் சமாத். மொட்டை அடித்திருந்தார்கள், காது இரண்டும் பெரிதாகத் தெரிந்தது. குரல் நிபுணர் என்று ஒருவர் வந்து, ஒலிப்பதிவும் இவர் குரலும் அச்சு அசலாகப் பொருந்துகின்றன என்றார். அச்சு அசலா? எனக்கு ரத்தம் கொதித்தது. நீதிபதி, எங்கே, செய்து காட்டு என்றார்.

செய்தான் மாமா. ஐயோ. கனைப்புக்குப் பதிலாக இருமினான். இடைவெளியை விடவே இல்லை. "என் பிள்ளைகளே" என்றான், பெருங்காயம் கேட்டான். அவனுக்குக் காவல் நின்ற போலீஸ்காரனின் மீசை துடித்தது, சிரிப்பை அடக்குகிறான். நீதிபதி குனிந்து காகிதத்தைப் பார்த்துக்கொண்டார். அந்த அறையில் காது உள்ள ஒருத்தருக்கும் சந்தேகம் இருந்திருக்காது, இது அந்தக் குரல் இல்லை என்று. நான் என் அறையில் உட்கார்ந்து போனைப் பார்த்துக் கத்தினேன், அப்படி இல்லடா, வயித்துலருந்து எடுடா என்று. அம்மா ஓடிவந்து பார்த்தாள். நீதிபதி நிமிர்ந்து, பொருந்துகிறது என்று எழுதச் சொல்லிவிட்டார். இந்த மாதிரி மிமிக்ரிக்கு நம் ஊர் கோயில் திருவிழாவில் தக்காளி கிடைக்கும். அங்கே அவனுக்கு ஆறு வருஷம் கிடைத்தது.

தீர்ப்புக்கு முன்னால் கைதி கடைசியாக ஒரு வார்த்தை பேசலாம், அது அங்கே வழக்கம். அந்தக் கடைசி வார்த்தைக்காக ஊரே காத்திருக்கும், மனப்பாடம் செய்து சொல்லும் ஜனங்கள். எனக்கு அந்தச் சந்தர்ப்பம் கிடைத்திருந்தால் ஏழு குரலில் பேசியிருப்பேன். அவன் எழுந்தான். "நான் செய்தது நன்றாக இல்லை என்று எனக்குத் தெரியும். என் உச்சரிப்பு மோசம். ஆனால் அது என்னுடையது. யாரும் திருத்த வேண்டாம்" என்றான். கேமராவைப் பார்த்துத்தான் சொன்னான். உட்கார்ந்துவிட்டான்.

இதில் என்ன இருக்கிறது? நீங்களே சொல்லுங்கள். இதை இப்போது சட்டையில் அச்சடித்துப் போட்டுக்கொள்கிறார்கள். "யாரும் திருத்த வேண்டாம்." சுவரில் அவன் படத்தை வரைந்து எழுதுகிறார்கள், புதியவரின் ஆட்கள் சுண்ணாம்பு அடிக்கிறார்கள், மறுபடி எழுதுகிறார்கள். புதியவரைத்தான் சொன்னான் என்கிறார்கள் சிலர், பழையவரைச் சொன்னான் என்கிறார்கள் சிலர். என்னைக் கேட்டால், கடைசி வரைக்கும் அவனுக்குக் கற்றுக்கொடுத்தவனைக் குத்திக்காட்டுகிற புத்திதான். ஜெயிலில் அவனுக்கு ஊர் ஊராகக் கம்பளி சாக்ஸ் பின்னி அனுப்புகிறார்களாம் கிழவிகள். எனக்குக் கல்லூரியிலிருந்து வந்தது அட்டெண்டன்ஸ் குறைவு என்று ஒரு மெயில்.

அக்காவுக்குப் போன் போட்டேன். குழந்தை பிறந்திருக்கிறது, ஆண் குழந்தை, பின்னால் அழுகிற சத்தம் கேட்டது. நான் மரியாதையாகத்தான் கேட்டேன். சுவரில் அவன் படத்துக்குக் கீழே, சின்னதாக, ஓரத்தில், "குரல்: இஸ்கந்தர்" என்று போட முடியுமா என்று. அவள் குழந்தையை யாரிடமோ கொடுத்துவிட்டுக் கதவைச் சாத்தினாள். பிறகு டீச்சர் குரலில், வகுப்பில் பின்பெஞ்சுக்குச் சொல்கிற மாதிரி நிறுத்தி நிறுத்தி, "இஸ்கந்தர், அவர்கள் ஒரு வெளிநாட்டுக்காரனைத் தேடிக்கொண்டிருக்கிறார்கள். இது வெளிநாட்டுச் சதி என்று காட்ட ஒரு ஆள் கிடைத்தால் போதும். ஆறு வருஷம் இருபது ஆகும். அப்பாவையும் பிடிப்பார்கள். அன்றைக்கு உட்கார்ந்திருந்த எல்லோரையும் பிடிப்பார்கள். புரிகிறதா?" என்றாள். அப்படியே செய்து காட்டினேன் பாருங்கள், அந்தக் குரல் அதுதான். புரிகிறது அக்கா என்றேன். புரியாமல் என்ன. தம்பி பெயர் இறங்கிவிடும் என்று அக்காவுக்குப் பயம். யாருக்குத்தான் பொறாமை இல்லை.

அதனால் நானே ஒரு வீடியோ எடுத்து வைத்திருக்கிறேன் மாமா. இதோ. நல்ல சட்டை போட்டு, மொட்டை மாடியில் நின்று. பெயர், ஊர் எல்லாம் சொல்லி, கனைத்து, இடைவெளி விட்டு, அத்தா குரலில் அந்தப் பேச்சை முழுசாகப் பேசியிருக்கிறேன். கேட்டால் செத்தவன் எழுந்து நிற்பான். கீழே இந்த நீலப் பொத்தானைத் தொட்டால் போதும், உலகம் முழுக்கத் தெரிந்துவிடும் யார் யார் என்று. காலையில் எழுந்ததும் எடுத்துப் பார்க்கிறேன், சாப்பிட்டுவிட்டுப் பார்க்கிறேன்.

இன்னும் போடவில்லை. போட்டுவிடுவேன். இந்த வீட்டில் சிக்னல் சரியாக இருப்பதில்லை, அதுதான். சுவர் எல்லாம் பழைய சுவர், தடிமன்.

என்ன, உங்கள் போனைக் காட்டுகிறீர்கள்? நாலு கோடும் நிற்கிறதா? அது உங்கள் சிம் மாமா. என்னுடையது வேறு கம்பெனி. வேறு கம்பெனி என்கிறேனே. டீ ஆறுகிறது, குடியுங்கள்.